கிழமை இல்லாத நாள்

டைன் நதியின் தென்கரையை ஒட்டிக் கடலை நோக்கி ஓடும் உள்ளூர் ரயில் பாதையில், சரக்குக் கிடங்குகளுக்கும் தொழிற்கூடங்களுக்கும் நடுவே, 'பீட்' என்ற பெயர்ப்பலகையுடன் ஒரு சிறிய நிலையம் இருக்கிறது. கி.பி. 735ல் காலமான ஒரு துறவியின் பெயர் அது. ஜூன் மாதத்து மூன்றாம் வாரத்தில், மேகம் மூடிய ஒரு காலைப் பொழுதில், நானும் என் தங்கை மகனும் அங்கே இறங்கியபோது எங்களோடு இறங்கியவர் ஒரே ஒருவர்தான். அவரும் மத்தியான உணவுப் பொட்டலத்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஒரு கிடங்கின் வாசலை நோக்கி விரைந்துவிட்டார். ஆங்கில நாட்டின் காலக் கணக்குக்கு மூலபுருஷர் என்று சொல்லத்தக்க ஒருவருடைய ஸ்தலத்துக்கு யாத்திரை வந்தவர்கள் அன்றைக்கு நாங்கள் இருவர் மட்டுமே என்று தோன்றியது.

இந்த யாத்திரைக்குக் காரணம் ஒரு கதைப் புத்தகம் என்பதை முதலிலேயே ஒப்புக்கொண்டு விடுகிறேன். நியூகாஸிலில் படித்துக்கொண்டிருக்கும் அந்தப் பையன் சென்ற ஆண்டு ஊருக்கு வந்திருந்தபோது, டோல்கீன் எழுதிய 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' என்ற நெடுங்கதையின் மூன்றாம் பாகத்தை என் மேஜைமேல் வைத்துவிட்டுப் போனான். மாயாஜாலக் கதைகளில் எனக்கு ருசி கிடையாது. ஆனால் எந்தப் புத்தகத்தையும் கடைசிப் பக்கத்திலிருந்து புரட்டிப் பார்க்கும் ஒரு கெட்ட வழக்கம் உண்டு. அப்படிப் புரட்டியபோது, கதையெல்லாம் முடிந்து, அரசர்கள் முடிசூடி, வீரர்கள் வீடு திரும்பிய பிறகு வரும் அநுபந்தங்களில் ஒன்று பஞ்சாங்கமாக இருக்கக் கண்டேன். எங்கும் இல்லாத ஒரு தேசத்தில், எப்போதும் வாழ்ந்திராத ஜனங்களுக்கு, நாளும் மாதமும் வருஷமும் வகுத்து, மிஞ்சிய நாட்களைப் பண்டிகையாக்கி, இன்ன மாதத்தின் பெயரை இன்ன கிராமத்தார் இப்படித் திரித்து உச்சரித்தார்கள் என்பது வரையில் எழுதி வைத்திருந்தார் அந்தப் பேராசிரியர். கதையை நான் இன்றுவரை முழுதும் படித்ததில்லை. பஞ்சாங்கத்தை மட்டும் நாலு முறை படித்தாயிற்று.

ஜாரோ என்னும் அந்த ஊரில், டான் என்ற சிற்றோடை டைன் நதியில் கலக்கும் இடத்தருகே, பரிசுத்த பவுலின் ஆலயம் நிற்கிறது. அதை ஒட்டி, இடுப்பளவு உயரத்துக்குக்கூட மிஞ்சாத மடாலயச் சுவர்களின் அடிக்கட்டு புல்லுக்கு மேலே தெரிகிறது. உள்ளே கருவறைக்கு முன்னுள்ள வளைவின் மேலே பதித்திருக்கும் சிறிய கல்வெட்டை அண்ணாந்து பார்த்துத்தான் படிக்க வேண்டும். ஆலயம் பிரதிஷ்டையான தினம் 685 ஏப்ரல் 23 என்று வழிகாட்டிப் புத்தகங்கள் சொல்கின்றன. ஆனால் கல் அப்படிச் சொல்லவில்லை. மே மாதத்து முதல் நாளுக்கு ஒன்பதாவது நாள் என்று ரோமானியர் முறைப்படி பின்னோக்கி எண்ணி, எக்ஃப்ரித் அரசருக்குப் பதினைந்தாவது ஆண்டு, மடாதிபதி சியோல்ஃப்ரித்துக்கு நான்காவது ஆண்டு என்று அது கணக்குச் சொல்கிறது. அரசருக்கு யாண்டு இத்தனையாவது என்று தொடங்கும் நம் சோழர் கல்வெட்டுகளைப் படித்துப் பழகிய கண்ணுக்கு இது அந்நியமாகப் படவில்லை. ரோமானியர் மாதத்தின் முதல் நாளைக் கலெண்டஸ் என்றார்கள். கடனுக்கு வட்டி கட்டும் நாள் அதுவானபடியால் கணக்குப் புத்தகத்துக்கு அதன் பெயர் வந்து, அதுவே இன்று நம் சுவரில் சாமி படத்தோடு தொங்கும் காலண்டர் ஆயிற்று.

கிறிஸ்து பிறப்பிலிருந்து ஆண்டுகளை எண்ணும் வழக்கத்தை ஐரோப்பாவில் பரவச் செய்தவர்களில் முதல்வர் இந்த ஜாரோ மடத்துப் பீட் அடிகள்தாம். 725ல் அவர் எழுதிய 'காலங்களின் கணக்கு' என்ற லத்தீன் கிரந்தம், விரல்விட்டு எண்ணுவது எப்படி என்று ஆரம்பித்து, சந்திரனின் கதி, கடல் ஏற்றவற்றம், ஈஸ்டர் பண்டிகையை நிர்ணயிக்கும் விதம் என்று விரிந்து செல்கிறது. அதன் பதினைந்தாம் அத்தியாயத்தில், கிறிஸ்துவ மதத்தைத் தழுவுவதற்கு முன் தம் முன்னோர் மாதங்களுக்கு வைத்திருந்த பெயர்களை அவர் ஒரு பக்கத்துக்குள் சொல்லி முடித்துவிடுகிறார். அந்த ஒரு பக்கம் இல்லாவிட்டால் அந்தப் பெயர்களில் பெரும்பாலானவற்றின் பொருள் இன்று ஒருவருக்கும் தெரிந்திராது.

ஒரு நாளைக்கு மூன்று வேளை பசுக்களைக் கறக்க முடிந்த செழிப்பான மாதம் ஆகையால் மே மாதத்துக்குத் 'திரிமில்கி' என்று பெயர். களை மண்டும் மாதம் ஆகஸ்டு. குளிர்காலத்துக்குத் தீனி போதாது என்று மாடுகளைத் தெய்வத்துக்கு நேர்ந்து வெட்டிய மாதம் நவம்பர். தெய்வங்களுக்கு அப்பம் படைத்த மாதம் பிப்ரவரி. சூரியன் திரும்பும் மார்கழிக் குளிருக்கு முன்னும் பின்னும் உள்ள இரண்டு மாதங்களுக்கும் 'யூல்' என்ற ஒரே பெயர். நடுக்கோடையைச் சுற்றியுள்ள இரண்டு மாதங்களுக்கும் 'லித்' என்ற ஒரே பெயர். லித் என்றால் சாந்தம் என்று பொருளாம். காற்று அடங்கி, கடலில் தோணி விட ஏற்ற காலம். சந்திர மாதங்களைக் கொண்டு சூரிய வருஷத்தை எட்டிப்பிடிக்க வேண்டிய சங்கடம் அவர்களுக்கும் இருந்தது. தெலுங்குப் பஞ்சாங்கத்தில் அதிக மாசம் நுழைவதைப் போல, சில வருஷங்களில் மூன்றாவதாக ஒரு லித் மாதத்தைக் கோடையில் நுழைத்துவிடுவார்கள். பழைய மதத்தின் பண்டிகைகளைத் துறவியாகிய பீட் அடிகள் பாராட்டவில்லை. ஆனால் தம் ஜனங்களின் வழக்கத்தைச் சொல்லாமல் விடுவது நியாயமன்று என்று கருதியிருக்கிறார். அந்த நியாய உணர்ச்சிக்கு ஆயிரத்து இருநூறு ஆண்டுகளுக்குப் பிறகு ஒரு பேராசிரியர் கடன்பட்டார்.

நியூகாஸிலிலிருந்து பர்மிங்ஹாம் செல்லும் வண்டி சிறிது நேரத்தில் டர்ஹம் நகரத்துப் பாலத்தின்மேல் ஏறுகிறது. மேட்டின்மீது நிற்கும் பேராலயத்தைக் காட்டி, "அங்கேதான் மாமா, அவரைக் கொண்டுவந்து புதைத்திருக்கிறார்கள்" என்றான் பையன். பதினோராம் நூற்றாண்டில் பீட் அடிகளின் எலும்புகளை ஜாரோவிலிருந்து இங்கே எடுத்து வந்துவிட்டார்களாம். கோபுரங்கள் மரங்களுக்குப் பின்னே மறைந்ததும் நான் ஒரு பழைய கவரின் முதுகில் கணக்குப் போட உட்கார்ந்தேன்.

டோல்கீனுடைய குள்ள மனிதர்களாகிய ஹாபிட்டுகள் வாழும் ஷயர் நாட்டில் மாதம் பன்னிரண்டு, ஒவ்வொன்றுக்கும் நாள் முப்பது, ஆக முந்நூற்றறுபது. மிஞ்சுகிற ஐந்து நாட்கள் எந்த மாதத்துக்கும் சொந்தமானவை அல்ல. வருஷத்தின் கடைசி நாளும் அடுத்த வருஷத்தின் முதல் நாளும் 'யூல்' என்ற பெயரால் குளிர்காலத்தில் நிற்கின்றன. 'லித்' நாள் ஒன்று, நடுவருஷ நாள், மறுபடியும் ஒரு லித் நாள் என்று மூன்று கோடையில் நிற்கின்றன. லீப் வருஷமானால் நடுவருஷ நாளுக்குப் பின் நான்காவதாக ஒன்று சேரும். அது பெரிய விருந்து நாள். பீட் அடிகள் சொன்ன இரட்டை யூல் மாதமும், இரண்டாகவும் மூன்றாகவும் வந்த லித் மாதமும், இப்படி நாட்களாகச் சுருங்கிப் பண்டிகையாகிவிட்டன.

இதில் ஒரு தந்திரம் இருக்கிறது. முந்நூற்றறுபத்தைந்தை ஏழால் வகுத்தால் ஒன்று மிஞ்சும். அந்த ஒன்றினால்தான் ஒவ்வொரு வருஷமும் நம்முடைய பிறந்தநாள் கிழமை மாறி வருகிறது. ஷயர்வாசிகள் அந்த ஒன்றைத் தொலைத்துவிட்டார்கள். நடுவருஷ நாளுக்குக் கிழமை கிடையாது என்று தீர்மானித்தார்கள். லீப் நாளுக்கும் அப்படியே. வெள்ளிக்கிழமைக்கு மறுநாள் நடுவருஷ நாள். அதற்கு மறுநாள்தான் சனிக்கிழமை. ஆகவே அவர்களுடைய வருஷம் எப்போதும் சனிக்கிழமையில் பிறந்து வெள்ளிக்கிழமையில் முடியும். ஒரு தேதிக்கு ஒரு கிழமை என்றென்றைக்கும் ஸ்திரம்.

"அதனால்தான் அந்த ஊரில் கடுதாசியிலே கிழமையே போடமாட்டார்கள் மாமா. தேதி தெரிந்தால் கிழமை தெரிந்துவிடுமே!" என்றான் பையன்.

கவரின் முதுகில் மாதங்களின் முதல் தேதிகளை வரிசையாக எழுதிப் பார்த்தேன். ஞாயிறு, செவ்வாய், வியாழன், சனி, திங்கள், புதன்; ஆறு மாதம் முடிந்து, கோடை நாட்கள் கழிந்ததும், மறுபடியும் அதே ஞாயிறு, செவ்வாய். வெள்ளிக்கிழமையில் ஒரு மாதமும் பிறக்கவில்லை. வெள்ளியோ அவர்களுக்கு வாரத்தின் விருந்து நாள். இதனால் ஷயரில் ஒரு வசனம் வழங்கிற்றாம்: நடக்கவே நடக்காத காரியத்தை, 'வெள்ளிக்கிழமை ஒன்றாந்தேதி நடக்கும்' என்பார்கள். நாம் குதிரைக்கொம்பு என்கிறோமே, அந்தப் பொருளில். பஞ்சாங்கத்தை உண்டாக்க ஒரு கணித சாஸ்திரி போதும். அந்தப் பஞ்சாங்கத்திலிருந்து ஜனங்கள் உண்டாக்கும் பரிகாசத்தையும் சேர்த்து உண்டாக்க வேறு ஒரு தினுசு மூளை வேண்டும் என்று அப்போதுதான் எனக்கு உறைத்தது.

ஆனால் ஒரு சந்தேகம் எழுந்தது. நம்முடைய பஞ்சாங்கத்துக்கு அங்கம் ஐந்து. அவற்றில் வாரம் ஒன்று. கிழமையைப் பிடுங்கிவிட்டால் அன்றைக்குப் பஞ்சாங்கம் நொண்டியாகிவிடும். ராகு காலம் கிழமையைக் கொண்டு நிர்ணயிக்கப்படுவது. கிழமையே இல்லாத நாளில் ராகு காலம் எத்தனை மணிக்கு? இதை நான் கேட்டபோது பையன் சிரித்தான். சிரிக்க வேண்டிய விஷயம்தான். ஆனால் இதே சந்தேகம் ஒரு காலத்தில் ஐக்கிய நாடுகள் சபையையே தடுமாற வைத்தது என்பது அவனுக்குத் தெரியாது.

1930ல் அமெரிக்கப் பெண்மணியாகிய எலிசபெத் அக்கேலிஸ் 'உலகக் காலண்டர்' என்ற ஒன்றை முன்வைத்தார். வருஷம் நாலு சமமான காலாண்டுகள். ஒவ்வொன்றிலும் தொண்ணூற்றொரு நாள். டிசம்பர் முடிந்ததும் கிழமையில்லாத ஓர் 'உலக நாள்'. லீப் வருஷத்தில் ஜூன் முடிந்ததும் கிழமையில்லாத இன்னொரு நாள். ஷயர் பஞ்சாங்கத்தின் தந்திரமேதான் இதுவும். இதை 1953ல் ஐக்கிய நாடுகள் சபையின் பொருளாதார சமூக மன்றத்துக்கு எடுத்துச் சென்ற நாடு எது என்றால், பஞ்சாங்கம் பாராமல் சாந்தி முகூர்த்தம்கூட வைக்காத நம் பாரத தேசம்! விஞ்ஞானி மேகநாத் சாஹா 1954ல் ஜெனீவா சென்று அதற்காக வாதாடினார். ஏழு நாளுக்கொரு முறை தவறாமல் ஓய்வு நாளை அநுஷ்டிக்கும் யூதர்களும், சில கிறிஸ்துவ சபையாரும் இதை எதிர்த்தார்கள். கிழமையில்லாத ஒரு நாள் நடுவே புகுந்தால், சிருஷ்டி முதல் அறுபடாமல் வரும் வாரத்தின் சங்கிலி அறுந்துபோகும் என்பது அவர்கள் முறையீடு. 1955ல் அமெரிக்க அரசும் இதை ஆதரிக்க மறுத்தது. அடுத்த ஆண்டு மன்றம் விஷயத்தைக் காலவரையறையின்றி ஒத்திவைத்தது. அதே 1955ஆம் ஆண்டு அக்டோபர் மாதத்தில் டோல்கீனுடைய மூன்றாம் பாகம் லண்டனில் வெளியாயிற்று. நிஜ உலகம் ஏற்க மறுத்த கிழமையில்லா நாள், அதே ஆண்டில் இல்லாத உலகத்தில் அச்சேறிவிட்டது.

சாஹாவைத் தலைவராகக் கொண்ட குழு நமக்கென்று வகுத்துத் தந்த சக வருஷத் தேசியக் காலண்டர் 1957 மார்ச் 22 முதல் அமலில் இருக்கிறது. வானசாஸ்திரத்துக்குப் பொருந்திய, குற்றம் சொல்ல முடியாத காலண்டர். அரசிதழில் அதன் தேதி அச்சாகிறது. இன்று சக வருஷத்தில் எந்த மாதம் எத்தனையாம் தேதி என்று என்னைக் கேட்டால் நான் விழிப்பேன், நீங்களும் விழிப்பீர்கள். ஹாபிட்டின் பிறந்தநாளாகிய செப்டம்பர் 22ஐயோ, பல தேசங்களில் வாசகர்கள் விருந்து வைத்துக் கொண்டாடுகிறார்கள்.

இது ஏன் என்பதற்கு விடை பர்மிங்ஹாம் நகரத்தின் தென்பகுதியில், கோல் என்ற சிற்றாற்றின் கரையில் கிடைத்தது. சேர்ஹோல் மாவு ஆலை என்பது செங்கல் கட்டடம்; உயரமான புகைபோக்கி ஒன்று; பின்னால் பாசி படர்ந்த குளம்; நீர்ச்சக்கரத்தை இயக்குவதற்கு அந்தக் குளத்து ஜலம். தென்னாப்பிரிக்காவில் பிறந்த டோல்கீன், தந்தையை இழந்து, நான்கு வயதுப் பிள்ளையாக 1896ல் தாயாருடன் இந்த ஆலைக்கு எதிரே குடிவந்து, 1900 வரை இருந்தார். மாவு படிந்து வெளுத்த ஆலைக்காரர் மகனை 'வெள்ளைப் பூதம்' என்று அப்போது அவர் அழைத்தாராம். இப்போது நகரம் நாற்புறமும் வளர்ந்து ஆலையைச் சூழ்ந்துவிட்டது. பேருந்து நிறுத்தத்திலிருந்து நடந்தே வந்துவிடலாம். விக்டோரியா ராணியின் வைரவிழாக் காலத்து வார்விக்ஷயர் கிராமம் ஒன்றைப் போன்றதே தம் ஷயர் என்று பிற்காலத்தில் அவரே எழுதியிருக்கிறார். அந்தக் குளத்தின் ஓரத்தில், இரவு ஒன்பதரை மணி ஆகியும் வெளிச்சம் வடியாத ஒரு மாலையில் நின்றபோது, வருஷத்தின் நடுவில் மூன்று நாளை மாதக் கணக்கிலிருந்து விடுவித்து, சும்மா இருந்து தின்று குடிக்க ஒதுக்கியவருடைய மனசு எனக்கு விளங்கிற்று. அந்த நாட்டில் கோடை வெயிலை எண்ணிக்கையில் அடைக்க ஒருவருக்கும் மனம் வராது.

மாதப் பெயர்களை டோல்கீன் புதிதாகப் புனையவில்லை. பீட் அடிகளின் பட்டியலை எடுத்து, அந்தப் பெயர்கள் அழியாமல் குடியானவர்களின் வாயிலேயே ஆயிரம் ஆண்டு புரண்டிருந்தால் எப்படித் தேய்ந்திருக்கும் என்று யோசித்து, அந்தத் தேய்மானத்தையே எழுதினார். சிராவணம் நம் நாவில் ஆவணியாகவும், மார்கசீர்ஷம் மார்கழியாகவும், புரோஷ்டபதம் புரட்டாசியாகவும் ஆனது எவ்விதமோ, அவ்விதமே 'திரிமில்கி' தேய்ந்து 'திரிமிட்ஜ்' ஆயிற்று. 'ஸோல்மத்' என்று எழுதிவிட்டு 'ஸோமத்' என்று படித்தார்களாம். எல்லாவற்றிலும் எனக்குப் பிடித்தது அக்டோபருக்கான 'விண்டர்ஃபில்த்' என்ற பெயர். குளிர்காலத்துப் பௌர்ணமி என்று பீட் அடிகள் பொருள் சொன்ன பழைய சொல்லின் சிதைவு அது. இன்றைய ஆங்கிலத்தில் 'ஃபில்த்' என்றால் அழுக்கு. ஆகவே பக்கத்திலிருக்கும் பிரீ என்ற ஊரார், 'சேறு மிகுந்த ஷயரின் குளிர்கால அழுக்கு' என்று கேலி செய்தார்கள். ஷயர்வாசிகளோ, அது அழுக்கன்று, வருஷம் நிறைவதைக் குறிக்கும் நிறைவு என்றும், அறுவடைக்குப் பின் புத்தாண்டு பிறந்த பழங்காலத்துப் பெயர் என்றும், பிரீ ஊரார்தாம் பெயரை மாற்றிவிட்டார்கள் என்றும் பதில் சொன்னார்கள். சித்திரையில் புத்தாண்டா, தையில் புத்தாண்டா என்று சண்டையிட்டுக்கொண்டவர்களுக்கு இந்த வழக்கின் ருசி தெரியும். சாஹாவின் காலண்டரைப் பற்றி இரண்டு ஊரார் சண்டை போட்டதாக நான் கேள்விப்பட்டதில்லை.

ஆக்ஸ்ஃபோர்டில் நார்த்மூர் சாலை 20ஆம் எண் வீட்டுக்கு வெளியே நீலநிறப் பலகை ஒன்று, 1930 முதல் 1947 வரை டோல்கீன் அங்கே வசித்தார் என்று சொல்கிறது. யாரோ குடியிருக்கும் வீடு. வேலிக்கு வெளியே நின்று பார்த்துவிட்டுத் திரும்ப வேண்டியதுதான். கதையின் பெரும்பகுதி எழுதப்பட்டது இங்கே. யுத்தகாலத்தில், இருட்டடிப்புச் செய்த ஜன்னல்களுக்குப் பின்னால், பரீட்சைத் தாள்களைத் திருத்திய களைப்போடு, ஒரு கூட்டத்தார் ஓரிடத்தில் பௌர்ணமியைப் பார்க்கும் இரவில் பிரிந்துபோன மற்றக் கூட்டத்தார் வேறிடத்தில் பிறைச் சந்திரனைப் பார்த்துவிடக் கூடாதே என்று அவர் கவலைப்பட்டிருக்கிறார். 1941–42ல் வானில் உண்மையாகவே தோன்றிய சந்திர கலைகளை எடுத்துக் கதைக்குப் பொருத்தி, பொருந்தாத அத்தியாயங்களைத் திருத்தியும் இருக்கிறார். சாகாவரம் பெற்ற தேவகணத்தாருக்கு அவர் வகுத்த கணக்கு வேறு: சூரியாஸ்தமனத்திலிருந்து அஸ்தமனம் வரை ஒரு நாள், ஆறு நாள் வாரம், ஐம்பத்துநாலும் எழுபத்திரண்டுமாக நாள் கொண்ட ஆறு ருதுக்கள், 144 சூரிய வருஷம் சேர்ந்தால் அவர்களுக்கு ஒரு வருஷம். பிரம்மாவின் பகலைக் கேட்டு வளர்ந்த நமக்கு இது சிறு கணக்கு. எனக்கு அதில் அவ்வளவு பிடிப்பு உண்டாகவில்லை. அதில் தேய்ந்த சொல் ஒன்றுகூட இல்லை.

கதையில் துஷ்டர்கள் அழிந்த மார்ச் 25ஆம் நாளைப் புதிய அரசர் வருஷப் பிறப்பாக்கினார் என்று வருகிறது. அதுவும் வெறும் புனைவன்று. தேவமாதாவின் திருநாளாகிய அந்த நாளில்தான் இங்கிலாந்தில் 1751 வரை சட்டப்படி வருஷம் பிறந்தது. 1752ல் பழைய கணக்கை விட்டுப் புதிய கணக்குக்கு மாறியபோது, செப்டம்பர் 2ஆம் தேதி படுத்தவர்கள் மறுநாள் 14ஆம் தேதியில் எழுந்தார்கள். அந்தப் பழைய கணக்கின் கடைசித் தேதியாகிய செப்டம்பர் 2ஆம் நாளிலேதான், 1973ல், டோல்கீன் காலமானார்; தற்செயல்தான், இருந்தாலும் பஞ்சாங்கப் பித்துப் பிடித்தவன் இதைக் குறிக்காமல் விடமாட்டான்.

மத்தியான வண்டிக்கு நேரம் இருந்ததால் நகரத்தின் வடக்கே உல்வர்கோட் கல்லறைத் தோட்டத்துக்குப் போனோம். வழியைக் காட்டும் சிறு பலகைகளைத் தொடர்ந்து, போலந்து நாட்டவரின் சமாதிகளைக் கடந்து போனால், சாம்பல் நிறக் கருங்கல் ஒன்று, அதன் முன்னே ஒரு சிறு பூப்பாத்தி. வாசகர்கள் வைத்துவிட்டுப் போன கடிதங்களும், ஜெபமாலையும், விளையாட்டு மோதிரங்களும் மழையில் நனைந்து கிடந்தன. மனைவி ஈடித்தின் பெயருக்குக் கீழே லூத்தியன் என்றும், அவர் பெயருக்குக் கீழே பெரன் என்றும் கதாபாத்திரங்களின் பெயர்கள்.

"தேதி எங்கே மாமா?" என்று குனிந்து தேடினான் பையன்.

கல்லில் 1889–1971 என்றும் 1892–1973 என்றும் மட்டுமே வெட்டியிருந்தது. மாதமும் தேதியும் கிழமையும் இல்லை.